கயிற்றுக்கு அப்பால்

மார்ச் 3, செவ்வாய்

அநியாயம் இதுதான், முதலிலேயே எழுதி வைத்துவிடுகிறேன்: நான் எழுதிய வாசகங்களை முதலாளிகளான அண்ணனும் தம்பியும் பாகம் பிரித்துக்கொண்டார்கள். பெயர்கள் எல்லாம் அண்ணனுக்கு. வர்ணனை எல்லாம் தம்பிக்கு. எழுதியவனுக்கு டிக்கெட் கிழிக்கும் நாற்காலி.

கல் வெட்டி முடிந்து, பம்பை நிறுத்தியதும் குழியில் தண்ணீர் ஊறி, எதற்கும் உதவாமல் கிடந்த குவாரி அது. அங்கே எடைமேடையில் லாரிகளை எடை போட்டு அனுப்புவது என் வேலையாக இருந்தது. ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில் வாசித்து வாசித்துத்தான் எழுதக் கற்றேன். எந்த வாத்தியாருக்கும் நான் நன்றி சொல்ல வேண்டியதில்லை. குவாரியை மூடிய பிறகு முதலாளிகள் இருவரும் அதை விளையாட்டுப் பூங்காவாக்கினார்கள். போனைக் கையில் வைத்துக்கொண்டு மக்கள் பாறைகளுக்கு நடுவே நடப்பார்கள். ஒவ்வொரு இடத்திலும் போன் அதிரும். ஒரு பெண் குரல் அந்த இடத்தின் கதையைச் சொல்லும். சொன்னபடி செய்தால் ஒரு முத்திரை. எல்லா முத்திரையும் சேர்த்தவர் மௌனவேந்தனின் அரியணையில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்ளலாம்.

மௌனவேந்தன் என் பிள்ளை. வெண்பிடரி என்ற மிருகம், சாம்பல்மகள், ஊமைக்கோட்டை, தண்ணீர்க் குழிக்கு வைத்த நீலத்தொட்டில் – எல்லாமே என் பிள்ளைகள்.

இப்போது முதலாளிகளுக்குள் ஒத்துவரவில்லை. இளையவர் ஊரின் மறுபக்கம் ஒரு பழைய மண்குழியை வாங்கிவிட்டார். என் வர்ணனைகளை இரும்புப் பலகைகளில் எழுதி அங்கே மாட்டப்போகிறார், வேறு பெயர்களோடு. இங்கே மூத்தவரிடம் அதே பெயர்கள் இருக்கும், வேறு வர்ணனையோடு. ஒரு கோழியின் தலை ஒரு வீட்டிலும் உடல் இன்னொரு வீட்டிலும்.

என்னை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மார்ச் 5, வியாழன்

புது வர்ணனை எழுதும் வேலையை யாரிடம் கொடுத்திருக்கிறார்கள் தெரியுமா? என் தங்கை மகளிடம். நான் இருக்கும் இதே வீட்டில், நான் சாப்பிடும் இதே மேஜையில்.

“எழுதறது இல்ல மாமா. மாத்தறது. வேற வார்த்தை போடணும், அர்த்தம் மாறக்கூடாது, பேரைத் தொடக்கூடாது. அவ்வளவுதான்.”

“வார்த்தை மாறினா அர்த்தம் மாறாதா?”

“ஏன் மாறணும்? காபின்னா என்ன, குளம்பின்னா என்ன?”

“கடையில போய் குளம்பின்னு கேட்டுப் பாரு, எவன் தரான்னு.”

தங்கை அடுப்படியிலிருந்தே சிரித்தாள். அவள் யார் பக்கம் சிரித்தாள் என்று இன்னும் பிடிபடவில்லை.

மார்ச் 9, திங்கள்

அவள் செய்வதைப் பின்னால் நின்று பார்த்தேன். கணினியில் ஒரு சொல்லைத் தட்டினால் பக்கத்தில் நாலைந்து சொற்கள் வந்து வரிசையில் நிற்கின்றன, கூலிக்கு ஆள் பிடிக்கும் இடத்தில் நிற்பதுபோல. ஒருவனைக் கூப்பிட்டு உள்ளே விட்டு, பழையவனை வெளியே அனுப்புகிறாள். அவ்வளவுதான் வேலை.

“வெண்பிடரி பசித்திருக்கிறது, சத்தம் போடாதே” என்று எழுதியிருந்தேன். இப்போது “வெண்பிடரி உண்ணாவிரதம் இருக்கிறது, ஒலி எழுப்பாதே.” மனிதரைத் தின்னும் மிருகம் கோரிக்கை வைத்து உட்கார்ந்துவிட்டது.

“மௌனவேந்தன் வாளை உருவினான்” என்பது “மௌனவேந்தன் கத்தியைக் கழற்றினான்.” சட்டையையும் கழற்றிக் குளிக்கப் போவான்போல.

“ஊமைக்கோட்டையின் மேல் இருள் கவிந்தது” என்பது “ஊமைக்கோட்டையின் மீது வெளிச்சம் குறைந்தது.” மின்சார ஆபீசுக்குப் புகார் கொடுக்க வேண்டியதுதான்.

முதல் நாள் அந்தக் கணினி பெயர்களையும் விட்டுவைக்கவில்லையாம். வெண்பிடரியை ‘வெள்ளைக் கழுத்துமுடி’ என்று மாற்றியிருக்கிறது. நம் எழுத்தில் பெயர் எது, சொல் எது என்று பார்த்ததும் காட்டும் அடையாளம் கிடையாது. இரண்டும் ஒரே உயரத்தில் நிற்கும். மூத்தவர் போனில் கத்தியிருக்கிறார்: “என்கிட்ட இருக்கறதே அந்தப் பேருங்கதான். அதுலயும் கைய வச்சா எப்படி?” அதிலிருந்து பெயர்களுக்கெல்லாம் மஞ்சள் பூசிப் பூட்டிவிட்டார்கள். மஞ்சள் பூசியதை யாரும் எதுவும் செய்ய முடியாது.

ஒவ்வொரு சொல்லுக்கும் என் ஆட்சேபணையைச் சொன்னேன். ஒன்றையும் விடவில்லை. மங்கிய என்பதற்கு மங்கலான என்று போட்டதற்குக்கூட.

“மாமா, அது ரெண்டும் ஒண்ணுதான்.”

“ஒண்ணுன்னா ஏன் மாத்தினே?”

அடுத்த சொல்லைத் தட்டினாள்.

மார்ச் 14, சனி

நீலத்தொட்டிலையும் மாற்றி முடித்துவிட்டாள், இன்றுதான் பார்த்தேன். நான் எழுதியிருந்தது இது:

நீலத்தொட்டில். இதன் அடியைக் கண்டவர் இல்லை. கரை வழுக்கும். இறங்கியவர் ஏறியதில்லை. கயிற்றுக்கு அப்பால் நின்று உன் பெயரைச் சொல். அது திருப்பிச் சொன்னால் முத்திரை உனது.

அந்தக் குழியின் சுவர்கள் மூன்று பக்கமும் செங்குத்தானவை. கூப்பிட்டால் எதிரொலிக்கும். அதற்காக எழுதியது. நாலாவது பக்கம் சரிவான பாறை, அதன் குறுக்கே இரும்புக் குச்சிகளில் கட்டிய கயிறு.

அவள் மாற்றியது:

நீலத்தொட்டில். இதன் ஆழம் அறிந்தவர் எவருமில்லை. விளிம்பு வழவழப்பானது. புகுந்தவர் மீண்டதில்லை. கயிற்றைத் தாண்டி நின்று உன் பெயரை உரை. அது மறுமொழி தந்தால் முத்திரை உன்னுடையது.

இரண்டு தடவை வாசித்தேன்.

“தாண்டின்னு போட்டிருக்கே.”

“அப்பால்னா தாண்டிதானே?”

“அப்பால்னா விலகி! அப்பால் போன்னா என்ன அர்த்தம்? தள்ளிப் போன்னு அர்த்தம்!”

“ஆத்துக்கு அப்பால் ஒரு ஊருன்னா? ஆத்தைத் தாண்டித்தானே ஊரு?”

“இது ஆறு இல்ல. குழி.”

“நீங்க விலகின்னே எழுதியிருக்கலாமே மாமா?”

எழுதியிருக்கலாமாம். விலகி என்பது பேருந்தில் நடத்துநர் சொல்வது. அப்பால் என்ற சொல்லில் ஒரு கம்பீரம் இருக்கிறது. ஒரு ராஜ்யத்தின் எல்லையில் நிற்கிற சொல் அது. இவளுக்கு இதை எப்படிப் புரியவைப்பது?

மாற்றச் சொன்னேன். அந்த வாசகம் நேற்றே முதலாளியின் வக்கீலுக்குப் போய்விட்டதாம்.

மார்ச் 16, திங்கள்

மூத்தவரைப் பார்த்தேன். என் ஆட்சேபணைகளை எல்லாம் வரிசையாகச் சொன்னேன். உண்ணாவிரதத்தில் ஆரம்பித்தேன். கத்தியைக் கழற்றியது, வெளிச்சம் குறைந்தது, மங்கலான – எல்லாம் சொல்லி, கயிற்றுக்கு வந்தபோது அவர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“பெரியவரே, உங்க வார்த்தைய மாத்திட்டாங்கன்னு உங்களுக்குக் கோவம். எனக்குப் புரியுது. ஆனா ரெண்டு வக்கீலும் ஒக்காந்து ஒவ்வொரு வரியா ஒத்துப் பார்த்துக் கையெழுத்து வாங்கியாச்சு. இனிமே ஒரு எழுத்தை மாத்தணும்னா என் தம்பி மூஞ்சியில முழிக்கணும். சீசன் முடியட்டும்.”

“கயிறைத் தாண்டச் சொல்லுதுங்க அது.”

“கயிறு இருக்குல்ல? அப்புறம் எவன் தாண்டப்போறான்?”

வாசல்வரை வந்து தோளில் கை வைத்து அனுப்பினார். கை வைத்து அனுப்புவதும் கழுத்தைப் பிடித்துத் தள்ளுவதும் ஒரே பொருள் தரும் சொற்கள் என்று அந்தக் கணினிக்குத் தெரியுமா?

மார்ச் 17, செவ்வாய்

கனவில் தண்ணீர். வேறொன்றும் இல்லை, வெறும் தண்ணீர்.

மார்ச் 24, செவ்வாய்

இளையவரின் வக்கீல் புதிதாக ஒன்றைக் கிளப்பியிருக்கிறார். நீலத்தொட்டில் என்பது பெயரே இல்லையாம். தொட்டில்போல நீலமாக இருக்கிறது என்று சொல்வதால் அதுவும் வர்ணனைதானாம். ஆகவே அது தம்பி பாகமாம்!

மூத்தவர் என்னைக் கூப்பிட்டனுப்பினார். முதல் தடவையாக நாற்காலி போட்டார்.

“வேற பேரு ஒண்ணு சொல்லுங்க. வர்ணனைன்னு எவனும் வாயத் தொறக்கக் கூடாது.”

அங்கே உட்கார்ந்தபோதுதான் அது எனக்கு உறைத்தது. வர்ணனையை யார் வேண்டுமானாலும் மாற்றலாம். பெயரை? மஞ்சள் பூசிப் பூட்டியதை அண்ணன் தொட முடியாது, தம்பி தொட முடியாது, வக்கீல் தொட முடியாது, கணினியும் தொட முடியாது. நான் சொல்ல வேண்டியதைப் பெயருக்குள்ளேயே வைத்துவிட்டால்?

“இறங்காதே,” என்றேன்.

“என்னது?”

“பேரு. இறங்காதே. குழிக்குப் பேரு அதுதான்.”

அவர் அதை இரண்டு தடவை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். முகம் மலர்ந்தது. “அட, பயங்கரமா இருக்கே! இந்தப் பேருக்கே கூட்டம் வரும்.”

வரும்போது விசிலடித்துக்கொண்டே வந்தேன். கூட்டம் வரும் என்று அவர் சொன்னது பாதி வழியில்தான் காதில் விழுந்தது.

மார்ச் 28, சனி

பாறையில் சிவப்பு எழுத்தில் எழுதியாகிவிட்டது. ஆளுயரம். இறங்காதே. படிக்கட்டின் மேலிருந்தே தெரிகிறது. பெயின்டர் ‘ற’வைக் கொஞ்சம் குண்டாக்கிவிட்டான். பரவாயில்லை.

தங்கை மகளிடம் சொன்னேன்: “இப்ப மாத்து பார்க்கலாம்.”

“நீங்க ஜெயிச்சுட்டீங்க மாமா,” என்றாள். அதில் கிண்டல் இருந்ததா? இருக்கட்டும். ஜெயித்தது ஜெயித்ததுதான்.

ஏப்ரல் 4, சனி

பாகப்பிரிவினைக்காக மூடியிருந்த பூங்கா மறுபடி திறந்தது. கூட்டம்.

போனை வாங்கிக் காதில் வைத்துக் கேட்டேன். அந்தப் பெண் குரல் சொல்கிறது: “நீங்கள் இறங்காதேவை அடைந்துவிட்டீர்கள். இறங்காதேவின் ஆழம் அறிந்தவர் எவருமில்லை. இறங்காதேவின் விளிம்பு வழவழப்பானது…”

இறங்காதே-வை. இறங்காதே-வின்.

இதை நான் நினைக்கவில்லை. ஐ வந்து ஒட்டியது, இன் வந்து ஒட்டியது. ஒட்டிய மாத்திரத்தில் கட்டளை செத்துவிட்டது. இப்போது அது ஓர் ஊரின் பெயர்போல, ஒரு பலசரக்குக் கடையின் பெயர்போல. பெயர் என்றானதும் யாரும் அதற்குப் பொருள் தேடுவதில்லை. அமைதி என்று பெயர் வைத்தவள் தெருவே அதிரக் கத்துகிறாள், யாராவது கேட்கிறார்களா?

வரிசையில் நின்ற ஒரு பெண் தன் தோழியிடம் சொன்னாள்: “முதல்ல வெண்பிடரி, அப்புறம் இறங்காதேல எறங்கலாம்டி.” இரண்டு பேரும் அதற்குச் சிரித்தார்கள். நல்ல நகைச்சுவைதான். நான் சிரிக்கவில்லை.

ஏப்ரல் 5, ஞாயிறு

கயிற்றுக்கு அந்தப் பக்கத்துப் பாறை முழுக்க, ஒரே நாளில், செருப்புத் தடம்.

ஏப்ரல் 11, சனி

எழுதவே கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன்.

டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தேன். குடும்பமாக வந்தவர்கள். தகப்பன் கேட்டார், “பெரியவரே, இறங்காதேக்கு எப்படிப் போறது?”

நான் தலையைக்கூட நிமிர்த்தாமல் சொன்னேன்: “வலது பக்கம் படி இருக்கு, நேரா எறங்குங்க.”

அவர்கள் போய் வெகுநேரம் கழித்துத்தான் நான் சொன்னது எனக்கே கேட்டது. எழுந்து ஓடினேன். முழங்கால் ஒத்துழைக்கவில்லை. அதற்குள் அவர்கள் முத்திரை வாங்கிக்கொண்டு மேலே வந்துகொண்டிருந்தார்கள். கடைசிப் பெண் என்னைப் பார்த்துக் கையசைத்தாள்.

எல்லோரும் மீசை என்று கூப்பிடும் காவல்காரரைக் கேட்டேன், ஏன் கயிற்றருகே நிற்கவில்லை என்று. முன்பெல்லாம் விசிலோடு அங்கேதான் நிற்பார்.

“கார் நிறுத்தற எடத்துல போட்டுட்டாங்கய்யா. கார் மேல கார் இடிக்குதாம். மனுசன் மேல மனுசன் இடிச்சா பரவால்லையாம்.”

மூத்தவருக்குப் போன் செய்தேன். எடுக்கவில்லை. மறுபடி செய்தேன். எடுத்துவிட்டு, “இப்ப எந்த வார்த்தை பெரியவரே?” என்றார்.

ஏப்ரல் 13, திங்கள்

வீட்டில் சண்டை.

நீயே முதலாளியிடம் சொல், நீ சொன்னால் கேட்பார் என்று தங்கை மகளிடம் சொன்னேன். சொல்லியாகிவிட்டதாம். அவர் “உங்க மாமா சொல்லிக் கொடுத்தாரா?” என்று கேட்டுவிட்டுப் போனை வைத்துவிட்டாராம்.

“ஏன் அப்படிக் கேட்டாரு தெரியுமா மாமா? நீங்க மங்கியவுக்கும் சண்டை போட்டீங்க, கத்திக்கும் சண்டை போட்டீங்க, இதுக்கும் அதே சத்தத்துல சண்டை போட்டீங்க. இதுல எது உயிர் போற விசயம்னு கேக்கறவனுக்கு எப்படித் தெரியும்?”

“எல்லாமே முக்கியந்தான்.”

“அப்ப எதுவுமே முக்கியம் இல்லன்னு ஆயிடுச்சு.”

தங்கை குறுக்கே வந்தாள். “அண்ணே, சாப்பிட வாங்க. வார்த்தை ஆறாது, சாப்பாடு ஆறிடும்.”

சாப்பிடவில்லை. எல்லாமே முக்கியம்தான். நாளைக்கும் இதையேதான் சொல்வேன்.

ஏப்ரல் 17, வெள்ளி

காலையிலிருந்து மழை. பூங்காவில் ஆள் இல்லை. நாற்காலியை உள்ளே இழுத்துப் போட்டு உட்கார்ந்திருந்தேன். குழியில் மழை விழும் சத்தம் மேலேவரை வந்தது.

ஏப்ரல் 18, சனி

நடந்துவிட்டது.

ஏப்ரல் 19, ஞாயிறு

நேற்று முடியவில்லை. இன்று எழுதுகிறேன்.

மழை விட்டிருந்தது. பத்துப் பன்னிரண்டு பேர் சேர்ந்து வந்தார்கள், ஒரே அலுவலகத்தில் வேலை செய்கிறவர்கள். எல்லோரும் புதிதாக வேலையில் சேர்ந்த வயது. அவர்களில் பச்சைச் சட்டை போட்டவன், டிக்கெட் கொடுத்தபோது இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டான். அதனால்தான் அவன் நினைவில் நின்றான்.

கொஞ்ச நேரத்தில் அவன் தன் பெயரைச் சொல்வது கேட்டது. பாறைகள் அதைத் திருப்பிச் சொன்னதும் கேட்டது. தினமும் எத்தனையோ பெயர்கள் அப்படிக் கேட்கும். நான் காது கொடுப்பதில்லை. அதற்குப் பிறகு வந்த சத்தம் பெயர் இல்லை.

மீசை கார்களுக்கு நடுவிலிருந்து ஓடினார். செருப்பைக்கூடக் கழற்றாமல் குதித்தார். நான் படிக்கட்டின் பாதியில் நின்றிருந்தேன். தண்ணீர் கருப்பாக இருந்தது. நான் அதற்கு நீலம் என்று எழுதியிருந்தேன்.

கயிறு அறுந்திருக்கவில்லை. கட்டினபடியே இருந்தது. அவன் அதை அறுத்துக்கொண்டோ, தவறியோ, விளையாட்டுக்கோ போகவில்லை. தோழர்கள் சொன்னார்கள், அவன் மட்டும்தான் முழு வாசகத்தையும் நின்று கேட்டானாம். பிறகு கயிற்றைத் தூக்கி, குனிந்து, அந்தப் பக்கம் போய், கால்களைச் சேர்த்து வைத்து, சொன்னபடி நின்றான். ஈரப்பாறை.

அவனுடைய போன் பாறைமேலே கிடந்தது. எல்லோரும் கத்திக்கொண்டிருந்தபோது அது அந்தப் பெண் குரலில், “முத்திரை உன்னுடையது” என்றது.

மீசை வெளியே கொண்டு வந்தபோது மூச்சு இல்லை.

மருத்துவமனை வராந்தாவில் அவன் அம்மா உட்கார்ந்திருந்தார். நான் யார் என்று அவருக்குத் தெரியாது. பக்கத்தில் இடம் இருந்ததால் உட்கார்ந்தேன். தனக்குத்தானே பேசுவதுபோல என்னிடம் சொன்னார்: “எங்க வீட்ல சொன்ன பேச்சு கேக்கறவன் அவன் ஒருத்தன்தாங்க.”

எழுந்து வந்துவிட்டேன்.

அவன் பெயரை இங்கே எழுத மாட்டேன். எனக்கு அது இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறது.

ஏப்ரல் 21, செவ்வாய்

மூத்தவர் வீட்டுக்கே வந்தார். தங்கை மகள் உள்ளறையில் படுத்திருந்தாள். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து எழவில்லை. அவர் குரலைத் தணித்துக்கொண்டார்.

“பெரியவரே, நீங்க அப்பவே சொன்னீங்க. விசாரணைக்கு வந்தவங்ககிட்டயும் சொல்லிட்டேன், பெரியவர் எச்சரிச்சார்னு. உங்க மேல யாரும் கை வைக்க முடியாது.”

“எச்சரிச்சது உங்ககிட்ட.”

“அதை விடுங்க. எழுதினது அந்தப் பொண்ணு. தாண்டின்னு போட்டது அவதானே? சின்னப் பொண்ணு, தெரியாமப் பண்ணிட்டா, பெருசா ஒண்ணும் ஆகாது. நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும், முன்னாடி இருந்தது இப்படி, அவ மாத்தினது இப்படின்னு. உண்மையைத்தானே சொல்லச் சொல்றேன்?”

எழுந்து போய் உள்ளறைக் கதவைச் சாத்திவிட்டு வந்தேன்.

“இன்னொண்ணு. தம்பிகிட்ட நானே பேசறேன். உங்க பழைய வாசகத்தையே மறுபடி போட்டுடலாம். ஒரு எழுத்து மாத்தாம. உங்க பேரும் போடலாம், இயற்றியவர்னு.”

இத்தனை நாளாக நான் கேட்டது அதுதான். அப்படியே, ஒரு எழுத்து மாறாமல், தட்டில் வைத்து நீட்டினார். வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அதையும் எழுதி வைக்கிறேன். வேண்டாம் என்று சொல்லவில்லை, யோசிக்கிறேன் என்றேன்.

ஏப்ரல் 22, புதன்

மீசையைப் பார்க்கப் போனேன். தண்ணீருக்குள் காலில் கல் கிழித்திருக்கிறது. கட்டுப் போட்டுக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். பழைய வாசகம் மறுபடி வரப்போகிறது என்றேன். அவருக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்தேன்.

அவர் கட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஐயா, ஒண்ணு சொன்னா கோச்சுக்க மாட்டீங்களே? பழசு இருந்தப்பவும் தாண்டுவாங்கய்யா. தெனம் நாலு பேராவது. நான் விசில் ஊதித் தொரத்துவேன். ‘அப்பால் நில்லுன்னுதானே போன் சொல்லுது, அதான் நிக்கறோம்’பாங்க.”

“ஏன்யா எங்கிட்ட சொல்லல?”

“உங்ககிட்டயா?” என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

வீட்டுக்கு வந்தேன். தங்கையிடம் வேறெதுவும் சொல்லாமல், வாசற்படியைக் காட்டி, “படிக்கு அப்பால் நில்லுன்னா நீ எங்க நிப்பே?” என்று கேட்டேன். ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு, என்னை ஒரு மாதிரி பார்த்து, படியைத் தாண்டி வெளியே போய் நின்றாள்.

எதிர்வீட்டுத் தையல்காரரைக் கேட்டேன். அவரும் தாண்டித்தான் நின்றார்.

அந்தச் சொல்லுக்கு நான் நினைத்த பொருள் உண்டு. அகராதியில் இருக்கிறது. நான் தவறாக எழுதவில்லை. யார் வந்து கேட்டாலும் இதைத்தான் சொல்வேன்.

ஆனால் இத்தனை நாளும் அந்தக் குழியில் யாரும் விழாமல் காத்தது என் வாசகம் இல்லை. ஒரு விசில்.

இளையவரின் மண்குழியிலும் தண்ணீர் நிற்கிறது. அங்கே விசில் இல்லை. என் வாசகம் மட்டும் இரும்புப் பலகையில் இருக்கிறது, ஒரு எழுத்து மாறாமல். ஞாயிற்றுக்கிழமை திறக்கிறார்.

ஏப்ரல் 23, வியாழன்

செய்ய வேண்டியவை. செய்ய வேண்டியவர்கள்.

மூத்த முதலாளி: கயிற்றை எடுத்துவிட்டு ஆளுயர இரும்பு வேலி. அதன் பிறகே கதவு திறக்கலாம். குழிக்கென்று கதை, முத்திரை, குரல் எதுவும் கூடாது. என் பெயரை எங்கேயும் போடக்கூடாது. விசாரணையில், ‘மார்ச் மாதமே என்னிடம் சொன்னார்கள், நான் கடிகாரம் பார்த்தேன்’ என்று அவர் வாயால் சொல்ல வேண்டும். சொல்ல மாட்டார். நான் எதிரில் நின்றால் சொல்வார்.

காவல்காரர் மீசை: கால் ஆறியதும் குழியருகே போய் நிற்க வேண்டும், கார்களிடம் அல்ல. என்னிடம் சொன்னதை அதிகாரியிடமும் சொல்ல வேண்டும், நான் பக்கத்தில் இருக்கும்போதே. கோபித்துக்கொள்ள மாட்டேன்.

தங்கை: மகளை எழுப்பிக் குளிக்க வைத்து, ஒரு வாயாவது சாப்பிட வைக்க வேண்டும்.

தங்கை மகள்: விசாரணைக்குக் கூப்பிடும்போது வர வேண்டும். என்ன சொல்லி வேலை கொடுத்தார்கள், யார் சரிபார்த்தார்கள், யார் கையெழுத்துப் போட்டார்கள் என்று மூன்றையும் சொல்ல வேண்டும். ‘என் தப்புதான்’ என்று மட்டும் சொல்லக்கூடாது. அழலாம்.

நான்: தாண்டி என்ற சொல் என்னுடைய அப்பால் என்ற சொல்லிலிருந்து வந்தது என்று, அந்தச் சொல் சரிதான் என்ற பேச்சைச் சேர்க்காமல், சொல்ல வேண்டும். பிறகு அந்த அம்மாவின் வீட்டுக்குப் போக வேண்டும். நான் யார் என்று உட்காருவதற்கு முன்னால் சொல்லிவிட வேண்டும்.

பாறையில் உள்ள சிவப்பு எழுத்தை அழிக்க: பெயின்டர். அதே இடத்தில் எழுத வேண்டியது: ஆழம். இறங்கினால் செத்துப்போவீர்கள். வேறெதுவும் வேண்டாம்.

இளைய முதலாளியின் பலகையிலிருந்து என் வாசகத்தைச் சுரண்டி எடுக்க: இளைய முதலாளி, ஞாயிற்றுக்கிழமைக்கு முன். எடுக்காவிட்டால், நான்.